பந்தய நாள் நீதிபதி

இருபத்திரண்டு வருடம் நான் பெரிய மனிதர்களுக்குக் காற்சட்டை மாட்டிவிட்டேன். கௌரவமாகச் சொல்வதென்றால், லண்டன் நாடக அரங்கு ஒன்றில் நடிகர்களுக்கு உடுப்பு உடுத்திவிடும் உதவியாளனாக இருந்து ஓய்வு பெற்றேன். கௌரவமாகச் சொன்னாலும் அதே காற்சட்டைதான்.

சென்ற மாதம் மோர்டனில் ஒரு பிறந்தநாள் விழாவில் ஒரு பிள்ளை என் பக்கத்தில் வந்து இருந்தாள். அவளும் இந்த வேலைக்குப் புதிதாகச் சேர்ந்திருக்கிறாளாம். "அங்கிள், இப்ப எல்லாத்துக்கும் காந்தம் வைச்சுத் தைக்கினம். பொத்தானே இல்லை. உங்கட காலத்தில நாப்பது செக்கனுக்குள்ள எப்பிடி ஒரு ஆளை மாத்தினீங்கள்?" என்று கேட்டாள். நான் வாயைத் திறப்பதற்குள் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டுவிட்டார்கள். அவளுக்குச் சொல்ல நினைத்ததை இங்கே எழுதுகிறேன்.

யாழ்ப்பாணத்தில் நான் நீர்ப்பாசனக் கந்தோரில் எழுதுவினைஞன். எண்பத்தைந்தில் லண்டன் வந்தேன். அறையில் கூட இருந்தவர் அந்த அரங்கில் எனக்குக் கூட்டித் துடைக்கும் வேலை எடுத்துத் தந்தார். ஒரு வருடம் கூட்டினேன். ஒரு வருடம் உடுப்புத் தோய்த்து மினுக்கினேன். பிறகு உடுத்திவிடுபவர் ஒருவருக்கு முதுகு பிடித்துக்கொண்டது, என்னை மேலே கூப்பிட்டார்கள். என் பயிற்சி அவ்வளவுதான்.

"தியேட்டரில் வேலை" என்று நான் சொன்னதைச் சட்டன், மோர்டன் பக்கத்துத் தமிழர்கள் ஆஸ்பத்திரி ஒப்பரேஷன் தியேட்டர் என்று விளங்கிக்கொண்டார்கள். நான் திருத்தவில்லை. கலியாண வீடுகளில் என்னைத் தனியே கூப்பிட்டுப் பித்தப்பைக் கல்லைப் பற்றிக் கேட்பார்கள். நிறையத் தண்ணீர் குடிக்கச் சொல்லுவேன். என் மனைவி மட்டும், "ஒருநாளைக்குப் பிடிபடுவீங்கள்" என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

உடுப்புப் பகுதித் தலைவி மிஸ் ஹார்ட்லி. நான் இதுவரை கண்ட எந்த அதிகாரியையும்விட அவருக்குத்தான் அதிகம் பயந்தேன். குரலை உயர்த்தவே மாட்டார். வாயில் எப்போதும் நாலைந்து குண்டூசி இருக்கும். அவற்றை எடுக்காமலே பேசுவார். கோபம் வந்தால் மட்டும் ஊசிகளை ஒவ்வொன்றாக எடுத்து மணிக்கட்டில் கட்டியிருக்கும் சிறு மெத்தையில் குத்துவார். கடைசி ஊசி குத்தும்வரை ஒரு சொல் வராது. அந்த நேரத்துக்குள் நாங்களாகவே குற்றத்தை ஒப்புக்கொண்டுவிடுவோம். சிவநாதன் என்ற என் பெயரை முதல் நாளே பாதியாக வெட்டி, "மிஸ்டர் நாதன்" ஆக்கினார். உடுப்புத் தைப்பவருக்குப் பெயர் வெட்டுவது பெரிய காரியமா?

நாடகக்காரருக்கு நம்பிக்கைகள் அதிகம். சப்பாத்தை மேசையில் வைக்கக்கூடாது. மேடைக்குப் பின்னால் சீட்டி அடிக்கக்கூடாது. மயிலிறகு அரங்குக்குள் வரக்கூடாது. நான் அது தெரியாமல் என் அலுமாரிக் கதவில் முருகன் படம் ஒட்டியிருந்தேன். மிஸ் ஹார்ட்லி படத்தை நெடுநேரம் பார்த்தார். மயிலின் மேல் மட்டும் ஒரு துண்டு கறுப்பு நாடாவை ஒட்டினார். "அவர் இருக்கலாம்" என்றார். நான் ஓய்வு பெறும்வரை முருகன் நாடாவின் மேல்தான் நின்றார்.

இனிப் பத்மாவின் கதை. இங்கே எல்லாரும் பேசியது இங்கிலீஷ்தான். ஆனால் எனக்கு எழுதவருவது யாழ்ப்பாணத் தமிழ் ஒன்றே என்பதால், எல்லாரையும் அதிலேயே பேசவைத்திருக்கிறேன். அவர்கள் மன்னிக்கவேண்டும்.

பத்மா என்றதும் சேலை கட்டிய ஒருவரை நினைக்காதீர்கள். அறுபது வயது மனிதர், கட்டைக் கால்கள், அகன்ற முகம். கல்மீக்கியர். ஐரோப்பாவின் ஒரு மூலையில், ரஷ்யப் புல்வெளியில் இருக்கும் புத்த சமயச் சனம் அவர்கள். குதிரைக்காரர்கள். பத்மா பிறந்தது பெல்கிரேட்டில், புலம்பெயர்ந்த குடும்பத்தில். உலகப்போர் முடியும் தறுவாயில் அங்கிருந்தும் ஓடி, ஜெர்மனியில் அகதி முகாம். தாயும் மூத்த அண்ணனும் பிறகு அமெரிக்கா போய் நியூ ஜெர்சியில் இருந்துவிட்டார்கள். பதினெட்டு வயதில் பத்மா மட்டும் செங்கற்சூளை வேலைக்கென்று இங்கிலாந்து வந்தார். சூளையில் கிறிஸ்மஸ் நாடகம் போட்டபோது ஒரு சீனாக்காரன் தேவைப்பட்டான். அன்று தொடங்கியது அவருடைய கலை வாழ்க்கை.

நாற்பது வருடம் அவர் லண்டன் மேடைகளில் சீனச் சமையல்காரன், ஜப்பானியத் தளபதி, திபெத்துப் பிக்கு, எஸ்கிமோ எல்லாம் நடித்தார். கல்மீக்கியனாக ஒருநாளும் நடிக்கவில்லை, அப்படி ஒரு சனம் இருப்பது எழுதுகிறவர்களுக்குத் தெரியாது. பெரும்பாலும் இடைவேளைக்கு முன்பே செத்துவிடுவார். "நேரத்தோட வீட்டை போகலாம், நாதன்" என்பார். கோலியர்ஸ் வுட்டில் ஒரு அறையில் தனியே இருந்தார். எனக்கும் அதே ரயில் என்பதால் சில நாட்களில் அங்கே இறங்கி, அவர் போடும் பால்தேத்தண்ணி குடிப்பேன். சீனிக்குப் பதில் உப்பு. முதல் கோப்பையைக் கடவுளுக்கென்று ஜன்னலோரம் வைத்துவிட்டு மற்றதை எனக்குத் தருவார். ரசம் என்று நினைத்துக் குடித்தால் இறங்கிவிடும்.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் எங்கள் அரங்கில் ஒரு குடும்ப நாடகம் நன்றாக ஓடிக்கொண்டிருந்தது. ஓய்வுபெற்ற ஆங்கில நீதிபதி ஒருவர், அவருடைய மகள், செத்துப்போகும் மகன், ஒரு ஜப்பானியத் தோட்டக்காரன். பத்மா தோட்டக்காரன். முதல் பாதியில் பூவாளியோடு மேடையைக் கடந்து, "மழை வரும், ஐயா" என்பார். சிறிது நேரம் கழித்து மறுபக்கத்திலிருந்து வந்து, "வந்துவிட்டது, ஐயா" என்பார். வேலை முடிந்தது.

ஆனால் நீதிபதியாக நடித்த பெரிய நடிகர் வராத நாட்களில் அவருக்கு மாற்று நடிகரும் பத்மாதான். குழுவில் அந்த வயதில் வேறு ஆண் இல்லை. முகம் பொருந்துமா என்று யாரும் யோசிக்கவில்லை, மாற்று நடிகருக்கு மேடை ஏறும் வேலை வராது என்பது எல்லாருடைய நினைப்பு. ஆனால் பெரிய நடிகருக்கு ஒரு வருத்தம் இருந்தது. குதிரைப் பந்தயம் நடக்கும் நாட்களில் அவருக்குத் தொண்டை கட்டும். மாலையில் சரியாகிவிடும். அப்படி இரண்டு பகல் ஆட்டங்களில் பத்மா நீதிபதி ஆனார். மகளுக்குப் பொன்னிறத் தலைமயிர். முதல் பத்து நிமிடம் சனம் தாய் யாராக இருக்கும் என்று யோசித்தது. பிறகு யோசனையை விட்டுவிட்டது, அவ்வளவு நன்றாக நடித்தார்.

மே மாதத்தில் ஒருநாள் பத்மா என்னிடம் வந்தார். கையில் நியூ ஜெர்சிக் கடிதம்.

"அண்ணை வாறார் நாதன். நாப்பது வருசத்துக்குப் பிறகு. என்ர நாடகம் பாக்கவேணுமாம்."

"நல்ல விசயம்தானே."

"நான் இவ்வளவு காலமும் பெரிய வேசம் எண்டு எழுதிப்போட்டன். தளபதி உடுப்போட படம் அனுப்பினனான். அங்கை எங்கட சனம் முழுக்க, லண்டன்ல என்ர பேரைச் சொன்னாத் தெருவில ஆக்கள் நிண்டு பாப்பினம் எண்டு நினைக்குது. அம்மா சாகும்வரைக்கும் அதைத்தான் சொல்லிக்கொண்டு இருந்தவவாம்."

பித்தப்பைக் கல்லுக்கு வைத்தியம் சொன்ன எனக்கு அது நன்றாக விளங்கியது. "அப்ப எப்ப வரச்சொன்னீங்கள்?" என்று கேட்டேன்.

"ஜூன் முதல் புதன்கிழமை பகல் ஆட்டத்துக்கு."

அன்றைக்குத்தான் எப்சம் பெரிய குதிரைப் பந்தயம். சட்டனில் இருக்கும் யாரும் அந்த நாளை மறக்கமாட்டார்கள், தொப்பி போட்ட சனத்தால் ரயிலில் கால் வைக்க ஏலாது. பெரிய நடிகருக்குத் தொண்டை கட்டாமல் போக வழியே இல்லை. பத்மாவின் மூளையை மெச்சினேன்.

மிச்சம் என் பொறுப்பு. மாற்று நடிகர் ஏறினால் அரங்குக்காரர் மூன்று விதமாக அறிவிப்பார்கள். முன்மண்டபத்துப் பலகையில் எழுதுவார்கள். நிகழ்ச்சிப் புத்தகத்துக்குள் ஒரு துண்டு வைப்பார்கள். திரை விலக முன்பு ஒலிபெருக்கியில் சொல்லுவார்கள். மூன்றிலிருந்தும் அண்ணனைக் காப்பாற்றவேண்டும். அண்ணன் இரண்டு மணிக்குப் பின்வாசலுக்கு வருவது, நான் அவரைப் பக்கக் கதவால், அறிவித்தல் முடிந்தபின் உள்ளே கொண்டுபோய் இருத்துவது, புத்தகம் தீர்ந்துவிட்டதென்று சொல்வது. இப்படித் திட்டம் போட்டோம்.

அந்தப் புதன்கிழமை, பன்னிரண்டு மணிக்கு, பெரிய நடிகரின் தொண்டை கட்டியது. உதவி மேடை நிர்வாகி ஒருவன் தோட்டக்காரனானான். நான் பத்மாவுக்கு நீதிபதியின் வீட்டு அங்கியை மாட்டினேன். "இண்டைக்கு ஒரு நாள், நாதன்" என்று மட்டும் சொன்னார்.

இரண்டு மணி. பின்வாசலில் யாரும் இல்லை. இரண்டு இருபது. இல்லை. நேர்மையான மனிதர் கையில் ரிக்கெற் இருந்தால் முன்வாசலால்தான் போவார் என்பது எனக்கு அப்போதுதான் தோன்றியது. ஓடினேன்.

முன்மண்டபத்தில் அறிவிப்புப் பலகைக்கு நேர் எதிரே, பத்மாவை இன்னும் கொஞ்சம் காயவைத்த மாதிரி ஒரு கிழவர் நின்றார். தலையில் கறுப்புத் தொப்பி. வருகிறவர்களின் மேலுடுப்புகளை வாங்கி வைக்கும் பெண் தொப்பியைக் கேட்கிறாள், அவர் கொடுக்க மாட்டேன் என்கிறார். போட்டுக்கொண்டு இருந்தால் பின்னாலிருப்பவருக்கு மறைக்கும், கழற்றி இருக்கைக்குக் கீழே வையுங்கள் என்கிறாள். "கீழயோ?" என்று கேட்ட அவருடைய முகத்தைப் பார்த்ததும் எனக்குச் சங்கதி விளங்கியது. பத்மா முன்பே சொல்லியிருக்கிறார். கல்மீக்கியர் தொப்பியை நிலத்தில் வைக்கமாட்டார்கள், அதைக் கடக்கமாட்டார்கள், இன்னொருவர் தலையில் போடவும் விடமாட்டார்கள். ஒருவனுடைய நல்ல காலம் அவன் தொப்பிக்குள் இருக்கிறதாம்.

நான் பலகையை முதுகால் மறைத்துக்கொண்டு நின்றேன். "ஐயா, நான் உங்கட தம்பியின்ர ஆள். தொப்பியை என்னட்டத் தாங்கோ."

"நிலத்தில வைக்கமாட்டீரோ?"

"மாட்டன்."

"மற்ற ஆள் ஒருத்தரும் போடக்கூடாது."

"போடாயினம்."

கொஞ்சம் யோசித்துவிட்டு இரண்டு கையாலும் தந்தார். நான் அதை இரண்டு கையாலும் வாங்கினேன். இருக்கைக்குக் கூட்டிப்போகும்போதே ஒலிபெருக்கி, "இன்றைய பகல் ஆட்டத்தில்" என்று தொடங்கிவிட்டது. நான் பெரிதாக இருமத் தொடங்கினேன். அறிவித்தல் முடியும்வரை இருமினேன். ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி இருமல் இனிப்பு நீட்டினார். வாங்கி வாயில் போட்டுக்கொண்டு மேடைக்குப் பின்னால் ஓடினேன்.

இனி அந்த நாற்பது செக்கன். இரண்டாம் பாதியில் நீதிபதி வீட்டு அங்கியோடு வெளியே போவார், மகனைப் புதைத்துவிட்டுக் கறுப்பு மேலங்கியோடும் மகனுடைய தொப்பியோடும் திரும்பி வருவார். மேடையோர இருட்டில், ஒரு கதிரை, ஒரு சிறிய நீல விளக்கு. கதிரையில் மேலங்கியை உட்பக்கம் மேலே தெரிய விரித்திருக்கவேண்டும். நடிகர் கையை நீட்டிக்கொண்டு வருவார். ஐந்து செக்கனில் அங்கி கழலும், பதினைந்தில் மேலங்கி ஏறும், பொத்தான் கீழிருந்து மேலே, மேலிருந்து பூட்டினால் ஒன்று தப்பும். பிறகு கழுத்துத் துணி. கடைசியாகத் தொப்பி. பேசக்கூடாது. நடிகரின் கண்ணைப் பார்க்கக்கூடாது, பார்த்தால் அவர் நாடகத்திலிருந்து வெளியே வந்துவிடுவார். நாடகத் தொப்பி சாமான் மேசையில், வெள்ளைக் கோட்டால் வரைந்த தன் வட்டத்துக்குள் இருக்கும். கையை நீட்டினால் எட்டும்.

அண்ணனின் தொப்பியை நிலத்தில் வைக்கமாட்டேன் என்று வாக்குக் கொடுத்திருந்தேனே. அதைக் கதிரையின் முதுகில் மாட்டியிருந்தேன். இருட்டு. இரண்டும் கறுப்பு. என் கை அங்கேதான் போனது.

பத்மா மேடையேறி மூன்று செக்கன் இருக்கும். மிஸ் ஹார்ட்லி வந்து சாமான் மேசையைப் பார்த்தார். நாடகத் தொப்பி தன் வட்டத்துக்குள் பத்திரமாக இருந்தது. ஒரு ஊசியை எடுத்தார். இரண்டாவதை எடுத்தார். மிச்ச ஊசிகளுக்கு அன்று பொறுக்கவில்லை.

"மிஸ்டர் நாதன். அப்ப அந்த மனிசன்ர தலையில இருக்கிறது என்ன?"

ஒருத்தருடைய நல்ல காலத்தை எடுத்து இன்னொருத்தருக்குப் போட்டு, அதுவும் அவருடைய கண்ணுக்கு முன்னாலேயே மேடைக்கு அனுப்பியிருக்கிறேன். அதைவிட மோசம், அடுத்து என்ன நடக்கும் என்பது எனக்குத் தெரியும். நீதிபதி தொப்பியைக் கழற்றி நிலத்தில் எறிவார். எறிந்துவிட்டுக் கத்துவார். அந்தக் காட்சியே அதுதான்.

பத்மாவின் கை தொப்பிக்குப் போனது. தொட்டதும் நின்றது. கழற்றி உள்ளே பார்த்தார். அவருக்குத் தெரிந்துவிட்டது. முன்னூறு பேர் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். கதிரை, மேசை, நிலம் எல்லாவற்றையும் பார்த்தார். வைப்பதற்கு ஒரு இடமும் அவருக்குக் கிடைக்கவில்லை. இரண்டு கையாலும் அதை நெஞ்சோடு பிடித்துக்கொண்டார். கத்தவேண்டிய வசனங்களை, பிள்ளையைத் தூக்கிக்கொண்டிருப்பவர் மாதிரி, மெல்லமாகச் சொன்னார். மகள் எழுந்து வந்து தொப்பியை வாங்கப் பார்த்தாள், கொடுக்கவில்லை. திரை விழும்வரைக்கும் கொடுக்கவில்லை. அரங்கில் ஒருத்தரும் இருமவில்லை. நான் அழுதேன். மிஸ் ஹார்ட்லி கையில் எடுத்த ஊசிகளைத் திரும்ப வாயில் வைத்துக்கொண்டார்.

ஆட்டம் முடிந்து அண்ணன் உள்ளே வந்தார். முதலில் தொப்பியை வாங்கினார். விளிம்பைச் சுற்றிப் பார்த்தார், தூசி இல்லை. நான் மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். அவர் கையைக் காட்டி நிறுத்திவிட்டுத் தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

"சூடாக் கிடக்கு" என்றார்.

பத்மா சிரித்தார். நாற்பது வருடப் பொய் கரையேறிவிட்டது என்ற சிரிப்பு. அப்போது அண்ணன் பையிலிருந்து ஒரு ரிக்கெற்றை எடுத்துக் காட்டினார்.

"ஏழரை ஆட்டத்துக்கும் வாங்கிப்போட்டன்."

பத்மாவின் சிரிப்பு நின்றது. "ஏன் அண்ணை? ஒருக்காப் பாத்தீங்கள்தானே."

"இண்டைக்குப் பகல் மட்டும்தான் நீ நீதிபதி எண்டு வாசல்ல எழுதியிருக்கு. மற்ற நாளையில நீ தோட்டக்காரன். நான் உன்ர வேலையைப் பாக்கத்தானே வந்தன்."

"ரெண்டு வசனம்தான், அண்ணை" என்று பத்மா சொன்னார். அந்தக் குரலை நான் முன்பு கேட்டதில்லை. அண்ணன் தேத்தண்ணி குடிக்கப் போய்விட்டார்.

ஏழு மணிக்குப் பெரிய நடிகர் தொண்டை சுகமாகி, முகம் வெயிலில் சிவந்து வந்து சேர்ந்தார். அவரை உடுத்தி அனுப்பிவிட்டு நான் மேடையோரத்துக்குப் போனேன். பத்மா பூவாளியோடு நின்றார். தண்ணீர் அவருடைய சப்பாத்தில் சிந்தியது. "போகமாட்டன் நாதன்" என்றார். போனார். மழை வரும் என்றார். வந்துவிட்டது என்றார். ஒன்றும் பிசகவில்லை.

இடைவேளை மணி அடித்ததும் அண்ணன் பின்வாசலால் வந்தார். இந்த முறை சரியான வாசல். பத்மா தோட்டக்கார உடுப்போடு கதிரையில் இருந்தார், எழும்பவில்லை, நிமிரவுமில்லை. அண்ணன் அவருக்கு முன்னால் போய் நின்றார்.

"அந்தாள் வாறதெண்டு எனக்கு ஏன் நீ சொல்லேல்லை?"

"ஆர் வாறது?"

"வலது காலை இழுத்து, நிண்டு, மேலை பாத்து. வாளியை மற்றக் கைக்கு மாத்திப்போட்டுத்தான் வாயைத் திறக்கிறது. அப்பாவெல்லோ வந்தவர்."

தகப்பனைப் பற்றிப் பத்மா ஒருநாளும் என்னிடம் பேசியதில்லை. அன்றைக்குத்தான் தெரிந்தது. பெல்கிரேட்டிலிருந்து ஓடிய அந்தப் பனிக்காலத்தில், நடக்க ஏலாத மனிதரை வழியில் ஒரு ஸ்டேசனில் இருத்திவிட்டுத் தாயையும் தம்பியையும் ரயிலேற்றியது இந்த அண்ணன். திரும்பிப் போனபோது குண்டு விழுந்து ஸ்டேசன் இல்லை. அப்போது அண்ணனுக்கு வயது இருபது.

"எனக்கு நடந்து காட்டத் தெரிஞ்ச ஆள் அவர் ஒராள்தான், அண்ணை" என்றார் பத்மா. "ஆரை நடிக்கச் சொன்னாலும் அவரைத்தான் அனுப்புவன்."

"படத்தில பாத்தனே, அந்தத் தளபதி?"

"அவர்தான்."

"நீ போட்ட மற்ற வேசங்கள்?"

"அதுகளும் அவர்தான்."

அண்ணன் தொப்பியைக் கழற்றினார். வைக்க இடம் தேடாமல் கையிலேயே வைத்துக்கொண்டார். "நான் அவரை விட்டிட்டு வந்திட்டன் எண்டெல்லே இவ்வளவு காலமும் இருந்தன்" என்றார். பிறகு இரண்டு பேரும் தங்கள் பாஷையில் பேசத் தொடங்கினார்கள். அது பேச்சாக அதிகநேரம் நிற்கவில்லை.

இரண்டாம் மணி அடித்தது. எனக்கு வேலை இருந்தது. பெரிய நடிகரின் அறைக்குப் போய், அங்கியைச் சரிசெய்து, பொத்தான்களைக் கீழிருந்து மேலே பூட்டினேன். சுவருக்கு அந்தப் பக்கத்துச் சத்தம் அவருக்கும் கேட்டது.

"ஆர் அங்கை அழுகிறது?"

"தோட்டக்காரரின்ர அண்ணை வந்திருக்கிறார், சேர்."

"தோட்டக்காரனுக்கு அண்ணனும் இருக்கோ?"

"ஓம் சேர்" என்றேன். "அப்பாவும் இருக்கிறார்."